டெல்லி காட்டின இந்தியா, சென்னை காட்டின தமிழ்நாடு



எங்க தருமபுரிப் பக்கம் வந்தா ஊர்ப் பலகைகளைப் பாருங்க. நிறைய ஊர்ப் பேரு 'கொட்டாய்'னு முடியும். காட்டுல கொட்டாய் போட்டுக் குடியிருந்த குடும்பத்தோட பேரே ஊர்ப் பேராயிடுச்சு. சினிமாவும் எங்களுக்குக் கொட்டாயிலதான் அறிமுகம். டூரிங் டாக்கீஸை இங்க சினிமாக் கொட்டாய்னுதான் சொல்லுவோம். தரை டிக்கெட் எடுத்து, மணலைக் குவிச்சு உட்கார்ந்து படம் பார்த்த தலைமுறை நான்.

படத்துக்கு முன்னாடி கருப்பு வெள்ளையில நியூஸ் ரீல் ஓடும். அணைக்கட்டு, தொழிற்சாலை, பிரதமர் ரிப்பன் வெட்டுறது, எங்கேயோ வெள்ளம். கனத்த குரல்ல ஒருத்தர் தமிழ்ல பேசுவார். பீடி பத்த வைக்கிறவங்க, முறுக்கு வாங்கப் போறவங்க எல்லாம் அந்த நேரத்துலதான் போவாங்க. பின்னாடி படிச்சப்பதான் தெரிஞ்சது, அது இந்திய அரசு 1948-ல் தொடங்கின பிலிம்ஸ் டிவிஷன் எடுத்த படம்னு. அதைப் போடாம சினிமா ஓட்டக்கூடாதுன்னு லைசென்ஸ்லயே நிபந்தனை. சும்மாவும் தரல, கொட்டாய்க்காரர் அதுக்கு வாடகை கட்டணும்.

அது முடிஞ்சதும் தமிழ்ப் படம். 1952-ல் கலைஞர் வசனத்துல 'பராசக்தி' வந்த நாள்ல இருந்து தமிழ் சினிமா தமிழன்ங்கிற பெருமையைப் பேசிக்கிட்டே இருந்துச்சு. யோசிச்சுப் பாருங்க, ஒரே டிக்கெட்டுல ரெண்டு தேசம். முதல்ல டெல்லி 'நீ இந்தியன்'னு சொல்லும், அப்புறம் கோடம்பாக்கம் 'நீ தமிழன்'னு சொல்லும். ரெண்டும் உண்மைதான், எங்களுக்கு அதுல சண்டை இல்ல. ஆனா திரையை வச்சு நம்மை யாருன்னு சொல்ல ஆசைப்பட்ட அரசாங்கங்கள், நாம எப்படி இருக்கோம்னு எவ்வளவு தூரம் பார்த்துச்சுங்க? இந்தப் பதிவு அதைப் பத்தித்தான்.

முதல்ல ரேடியோ கதை. 1952-ல் மத்திய தகவல் ஒலிபரப்பு அமைச்சரா பி.வி. கேஸ்கர் வந்தார். சினிமாப் பாட்டு ஜனங்களோட ரசனையைக் கெடுக்குதுன்னு நினைச்சவர். சாஸ்திரிய சங்கீதம்தான் நாட்டோட பண்பாடு, ரேடியோவுல அதுதான் கேட்கணும்னு முடிவு பண்ணினார். அகில இந்திய வானொலியில சினிமாப் பாட்டு காணாமப் போச்சு. ஜனங்க என்ன பண்ணினாங்க? சங்கீதம் கத்துக்கலைங்க, முள்ளைத் திருப்பி இலங்கை வானொலி வச்சாங்க. அஞ்சு வருஷத்துல அரசாங்கமே இறங்கி வந்து, 1957-ல் விவித் பாரதி தொடங்கிப் பாட்டுப் போட வேண்டியதாப் போச்சு. ஆனாலும் இலங்கை வானொலி மோகம் எங்க காலம் வரைக்கும் தொடர்ந்துச்சு. கே.எஸ். ராஜா, பி.எச். அப்துல் ஹமீது குரலெல்லாம் எங்க வயசுக்காரங்களுக்குச் சொந்தக்காரங்க குரல் மாதிரி.

அதே வானொலி இன்னொரு வேலையும் செஞ்சது. 1960-கள்ல திருச்சி நிலையம் விவசாயிங்களுக்கு அவங்க பேச்சுலயே ஆடுதுறை-27 நெல்லைப் பத்திச் சொல்லிக் கொடுத்துச்சு. கேட்டுப் பயிர் வச்ச தஞ்சாவூர்க்காரங்க அந்த நெல்லுக்கு 'ரேடியோ நெல்'னே பேர் வச்சுட்டாங்க. எந்தச் சட்டமும் போடல, கட்டாயமும் இல்ல. விதைக்கே வானொலிப் பேரு! ஒரு அரசு ஊடகத்துக்கு இதைவிடப் பெரிய விருது கிடையாதுங்க.

அப்புறம் டிவி. சென்னைத் தொலைக்காட்சி 1975 ஆகஸ்ட் 15-ல் தொடங்குச்சு. 'வயலும் வாழ்வும்' நிகழ்ச்சியெல்லாம் அதுலதான். ஆனா சென்னை எங்களுக்கு முந்நூறு கிலோமீட்டர் தூரம், அந்த அலை இங்க எட்டாது. ஓசூர் அப்போ எங்க மாவட்டத்துலதான் இருந்துச்சு. அந்தப் பக்கம் உயரமா ஆன்டெனா கட்டினவங்களுக்குப் பெங்களூரு தெரியும். 1982 ஆகஸ்ட் 15-ல் டெல்லியில இருந்து நாடு முழுக்க 'தேசிய நிகழ்ச்சி' ஆரம்பிச்சாங்க. அந்த வருஷம் ஆசிய விளையாட்டுப் போட்டி, கலரும் வந்துச்சு. அதுக்கப்புறம் நாடெங்கும் சின்னச் சின்ன ஒளிபரப்புக் கோபுரம் மளமளன்னு முளைச்சுது. அதுல பெரும்பாலானது செயற்கைக்கோள்ல வர்ற டெல்லியை வாங்கி அப்படியே அனுப்புறதுதான். ஆக, சொந்த மாநிலத் தலைநகர் தெரியறதுக்கு முன்னாடியே எங்களுக்கு டெல்லி தெரிஞ்சது, இந்தியில.

பஞ்சாயத்து டிவியில ஞாயித்துக்கிழமை மகாபாரதம் பார்த்தோம். 1988-ல் இருந்து 1990 வரைக்கும் ஓடுச்சு. பி.ஆர். சோப்ராவோட தயாரிப்பு. வசனம் எழுதினவர் ராஹி மாசூம் ரஜான்னு ஒரு முஸ்லிம் எழுத்தாளர். இந்தியான்னா அதுதான்னு சொல்லலாம், அந்தப் பெருமை எனக்கும் உண்டு. ஆனா சாவடியில உட்கார்ந்த நூறு பேருக்கும் ஒரு வார்த்தை புரியாது. எங்க ஊர்க் கூத்து வாத்தியார் தாத்தா முன்னாடி உட்கார்ந்திருப்பார்.

"என்னா தாத்தா சொல்றான்?"

"பாஞ்சாலி கேக்கிறாடா, தன்னையே தோத்தவனுக்கு என்னைப் பந்தயம் வைக்க என்ன பாத்தியம்னு."

அவருக்கும் இந்தி தெரியாது, கதை தெரியும். திரௌபதி அம்மன் கோயில் திருவிழாவுல ராத்திரி ராத்திரியா துரியோதனன் கட்டி ஆடினவராச்சே. எங்க ஊர்ல தெலுங்கு பேசுற வீடும் கன்னடம் பேசுற வீடும் உண்டு. எல்லா வீட்டுக்கும் பாரதத்தைக் கொண்டுபோய்ச் சேர்த்தது அவரோட தமிழ்தான். டெல்லி நாட்டை ஒண்ணாக்கிட்டோம்னு நினைச்சிருக்கும். எங்க சாவடியில அந்த வேலையைச் செஞ்சது கூத்து வாத்தியார். அவருக்குச் சம்பளமும் இல்ல, அவர் ஆடினதை ஒரு கேமராவும் எடுத்து வைக்கல.

1993 ஏப்ரல் 14-ல் சன் டிவி வந்ததும் இந்தித் தொல்லை தீர்ந்துச்சு. அடுத்து சென்னையோட முறை. 2006-ல் தி.மு.க. அரசு தமிழ்ல பேர் வச்ச படத்துக்குக் கேளிக்கை வரி இல்லன்னு அறிவிச்சது. 'ஜில்லுன்னு' இருந்த படம் 'சில்லுன்னு ஒரு காதல்' ஆச்சு. 2011-ல் அ.தி.மு.க. அரசு, யு சான்றிதழ் வேணும், தமிழ்ப் பண்பாட்டுக்கு ஏத்ததா இருக்கணும்னு நிபந்தனை கூட்டுச்சு. 2017-ல் ஜி.எஸ்.டி. வந்ததும் அந்தப் பழைய வரி முறையே மாறிடுச்சு. பேர் தமிழானது நல்லதுதான். உள்ளே பேசுற தமிழ் யாரோடது? பென்னாகரத்துப் பேச்சை எத்தனை படத்துல கேட்டிருக்கீங்க?

2006 செப்டம்பர்ல இலவச கலர் டிவித் திட்டமும் ஆரம்பிச்சுது. எங்க வீட்டுக்கும் ஒண்ணு வந்துச்சு, குறை சொல்ல மாட்டேன். அந்த டிவியிலதான் 2008-ல் ஒகேனக்கல் சண்டையைப் பார்த்தோம். எங்க மாவட்டத்துலயும் கிருஷ்ணகிரியிலயும் நிலத்தடித் தண்ணியில ஃபுளோரைடு. சின்னப் பசங்க பல்லெல்லாம் பழுப்புக் கறை, வயசானவங்களுக்கு எலும்பு வளையும். அதுக்குத்தான் ஒகேனக்கல் கூட்டுக் குடிநீர்த் திட்டம். கர்நாடகத்துல எதிர்ப்புக் கிளம்புச்சு, தமிழ்ப் படம் ஓடின தியேட்டர்களைத் தாக்கினாங்க. ஏப்ரல் 4-ஆம் தேதி சென்னையில நடிகர்கள் உண்ணாவிரதம் இருந்தாங்க. எங்களுக்காகத்தான் இருந்தாங்க, நன்றி மறக்கல. ஆனா அன்னைக்கு முழுக்க டிவியில நடிகர்கள் முகம்தான். எந்த நடிகர் காரமாப் பேசினார்ங்கிறது செய்தி. கறை படிஞ்ச பல்லோட ஒரு பிள்ளையை நான் அந்தத் திரையில பார்க்கல. தண்ணிப் பிரச்சினை தமிழனா கன்னடனாங்கிற பிரச்சினையா மாறிடுச்சு. பக்கத்து வீட்டுக் கன்னடக்காரரும் அதே தண்ணியைத்தான் குடிச்சுக்கிட்டிருந்தார்.

2024 ஜனவரியில 'பொதிகை'ங்கிற பேரை 'டிடி தமிழ்'னு மாத்தினாங்க. அதுக்கு முந்தின வருஷம், அகில இந்திய வானொலியை இனி 'ஆகாஷ்வாணி'ன்னுதான் சொல்லணும்னு உத்தரவு வந்து, தமிழ்நாட்டுல எதிர்த்தாங்க. பொதிகைன்னா ஒரு மலை, ஒரு மணம். எனக்கும் வருத்தம்தான். ஆனா பேருக்கு வர்ற கோபம், உள்ளே என்ன ஓடுதுங்கிறதுக்கும் வரணும்.

தருமபுரியில அகில இந்திய வானொலிக்கு ஒரு பண்பலை நிலையம் இருக்குது. மாவட்டத்துக்குன்னு ஒரு குரல் இருக்கிறது சின்ன விஷயம் இல்ல. பாலக்கோட்டுத் தக்காளி விலை, மாவுல தத்துப்பூச்சி, சித்தேரி மலைச் சாமை, கூத்து, இதெல்லாம் எங்க பேச்சுலயே கேட்கணும். தேசப் பண்பாட்டுக்குன்னு கோடி கோடியாச் செலவு பண்றவங்க, ஆடத் தெரிஞ்ச கூத்துக்காரங்க இருக்கிறப்பவே ஒரு கேமராவைத் தூக்கிட்டு இந்தப் பக்கம் வரட்டும். எங்க தாத்தா போய்ச் சேர்ந்துட்டார். அவர்கிட்ட அடவு கத்துக்கிட்டவங்க ஊர்ல ரெண்டு பேர் மிச்சம். ஒருத்தர் பெங்களூருல கட்டட வேலைக்குப் போறார், இன்னொருத்தருக்கு முட்டி வலி.

நகரத்துல இருக்கிற நீங்க பங்குனி, சித்திரையில நேரம் கிடைச்சா வாங்க. கையில போன் இருக்குமே, எடுத்து வையுங்க.