பவுலடியாரின் மூன்று சொற்களும் ஒரு டேனிய இளைஞனும்

திரைப்படக் கலையின் நூற்றாண்டையொட்டி, 1995-ஆம் ஆண்டில் வத்திக்கான் 45 படங்களைத் தேர்ந்து ஒரு பட்டியல் வெளியிட்டது. சமயப் பிரிவில் இடம்பெற்ற 15 படங்களுள் மூன்று, டேனிய இயக்குநர்களுடையவை. கார்ல் டிரையர் எடுத்தவை இரண்டு. காபிரியேல் ஆக்சலின் ‘பாபெத்தின் விருந்து’ மற்றொன்று. லூத்தரன் திருச்சபை வேரூன்றிய ஒரு சிறு நாட்டுக்கு இது பெரும் பங்குதான். ஆயினும் விவிலியச் சொற்களையே பெயராகத் தாங்கிய வேறொரு டேனியப் படம் அப்பட்டியலில் இல்லை. அதன் நாயகனாக நடித்த ஆடம் டென்ஸ்பெர்கை அந்நாட்டுக்கு வெளியே அறிந்தோர் மிகச் சிலரே.

டென்மார்க்கில் அது இளையோர் படங்களின் பொற்காலம். ‘அறிவின் மரம்’ (1981) என்னும் படத்துக்காக நீல்ஸ் மால்ம்ரோஸ் பள்ளிச் சிறாரை ஏறத்தாழ இரண்டு ஆண்டுகள் படம்பிடித்தார். அவர்கள் வளர்வதைத் திரையிலேயே காண்கிறோம். அரசின் திரைப்பட நிதியில் நான்கில் ஒரு பங்கை இத்தகைய படங்களுக்கு 1982-ஆம் ஆண்டுச் சட்டம் ஒதுக்கியது.

பியார்ன ராய்டரின் நாவலைத் தழுவி பில்லெ அவுகுஸ்ட் இயக்கிய ‘சப்பா’ 1983-இல் வந்தது. செல்வந்தர் வீட்டுப் பிள்ளையான ஸ்டேன் அன்பற்ற இல்லத்தில் வளர்கிறான். தோழர்களைக் குறும்பிலிருந்து திருட்டுக்கும் கொடுமைக்கும் இழுத்துச் செல்கிறான். அவனுக்குப் பணிந்து, பின் மனம் உறுத்தும் பியோர்ன் என்னும் சிறுவனாக நடித்தவர் டென்ஸ்பெர்க். கொடியவனைவிட அவனுக்கு இணங்கிப் போகிறவனைக் காட்டுவது கடினம் என்றே நாம் எண்ணுகிறோம்.

அடுத்த ஆண்டே அதே பியோர்ன் மீண்டும் வந்தான். பீட்டில்ஸ் இசை பரவிய 1963-இல் கதை தொடங்குகிறது. அவன் நேசித்த அன்னா கருவுறுகிறாள். அவர்கள் நாடுவது மறைவான கருக்கலைப்பை. அன்றைய சட்டத்துக்கு அது குற்றம். அதற்குப்பின் அவர்கள் காதல் முறிந்துவிடுகிறது. அவன் தோழன் எரிக்கோ, மனநலம் குன்றிய தாயைப் பேணும் சுமையோடு, கடுமையான தந்தையின்கீழ் தவிக்கிறான்.

டென்மார்க் 1973-இலேயே கருக்கலைப்பைச் சட்டப்படி அனுமதித்துவிட்டது. படம் வந்ததோ 1984-இல். முடிந்துபோன வழக்கென்று நாடு கருதியதை அது மீண்டும் திறக்கவில்லை. எந்தத் தரப்புக்கும் வாதாடவும் இல்லை. இரு இளம் உள்ளங்கள் இழந்ததை மட்டும் நம்முன் வைக்கிறது. திருச்சபையின் போதனையை ஏற்றுள்ள நாம், அந்த இழப்பை மறைக்காத நேர்மைக்காகவே அதை மதிக்கிறோம். டென்ஸ்பெர்க் அழுது புலம்பி நடிக்கவில்லை. செய்ததை எங்கே கொண்டு வைப்பதென்று அறியாத ஒரு பையனாகவே நிற்கிறார்.

அப்படத்துக்கு டேனிய மொழியில் இட்ட பெயர் ‘விசுவாசம், நம்பிக்கை, அன்பு’. வெளிநாடுகளுக்குச் சென்றபோது பீட்டில்ஸ் பாடிப் புகழ்பெற்ற ‘ட்விஸ்ட் அண்ட் ஷவுட்’ என்ற ஆட்டப்பாட்டின் பெயர் அதற்குச் சூட்டப்பட்டது. பவுலடியார் கொரிந்தியருக்கு எழுதிய மூன்று சொற்கள் டென்மார்க்கிலேயே தங்கிவிட்டன.