மறைந்தவர் பெயரில் வாழும் நிலம்: தாமதமாக வரும் வாரிசு உரிமை



தாத்தா காலமாகி நாற்பது ஆண்டுகள் கடந்திருக்கும். நிலப்பட்டா இன்னும் அவர் பெயரிலேயே இருக்கும். அந்நிலத்தில் வீடு கட்டி வாழும் மூத்த மகனின் பிள்ளைகள் அது தங்களுக்கே உரியது என்று எண்ணியிருப்பர். ஒரு நாள் அத்தை வழிப் பேரன் வந்து பங்கு கேட்பான். "இத்தனை காலம் எங்கே இருந்தாய்?" என்று குடும்பம் சினக்கும். அச்சினம் இயல்பானதே. ஆயினும், நம் நாட்டு நிலச் சட்டம் வளர்ந்த வரலாற்றை அறிந்தோர்க்கு அக்கோரிக்கை வியப்பளிக்காது.

பதிவேடு வந்த கதை

1858ஆம் ஆண்டு தென் ஆஸ்திரேலியாவில் ராபர்ட் டோரன்ஸ் ஒரு புதிய முறையைச் சட்டமாக்கினார். பதிவேட்டில் எவர் பெயர் உள்ளதோ அவரே நிலத்தின் உரிமையாளர் என்பது அதன் சாரம். வில்லியம் எட்வர்ட் மேக்ஸ்வெல் என்னும் ஆங்கிலேய அதிகாரி அம்முறையை மலாய் மாநிலங்களுக்குக் கொண்டுவர முனைந்தார். 1891இல் சிலாங்கூர் அதனை ஏற்றது. பின்னர் 1926ஆம் ஆண்டு நிலச் சட்டத்தின் வழியாகவும், 1966 சனவரி முதல் நாள் நடைமுறைக்கு வந்த தேசிய நிலச் சட்டத்தின் வழியாகவும் அது தீபகற்பம் முழுவதும் வேரூன்றியது.

அத்தேசிய நிலச் சட்டத்தின் 341ஆம் பிரிவு நம் பொருளுக்கு இன்றியமையாதது. ஒருவர் எத்தனை ஆண்டுகள் ஒரு நிலத்தை அனுபவித்து வந்தாலும், அந்த அனுபவம் மட்டுமே பதிவுபெற்றவரின் உரிமையை அழித்துவிடாது என்று அது கூறுகிறது. ஆகவே, தாத்தாவின் பெயர் பதிவேட்டில் நிற்கும் வரை "நாங்கள்தாம் இங்கே குடியிருக்கிறோம்" என்னும் வாதம் மட்டும் வெல்லாது.

மகளுக்கும் பங்கு உண்டு

உயில் எழுதாமல் இறந்த முஸ்லிம் அல்லாதோரின் சொத்தை 1958ஆம் ஆண்டுப் பகிர்வுச் சட்டம் பங்கிடுகிறது. அதில் மகன், மகள் என்னும் வேற்றுமை இல்லை. 1997ஆம் ஆண்டுத் திருத்தத்தின்படி, பெற்றோர் உயிருடன் இல்லாத ஒருவர் மனைவியையும் பிள்ளைகளையும் விட்டு இறந்தால், மனைவிக்கு மூன்றில் ஒரு பங்கு. எஞ்சிய இரு பங்குகள் பிள்ளைகளுக்குச் சமமாக. "சீர் செய்து அனுப்பிவிட்டோமே" என்று நம் குடும்பங்கள் கூறுவதைச் சட்டம் கணக்கில் கொள்வதில்லை. தாமதமாக வரும் கோரிக்கைகள் பலவும் இப்படி விடுபட்ட மகள்களின் வழியில் வருபவையே.

காலம் கடக்கக் கடக்கச் சிக்கல் பெருகும். இரண்டு ஏக்கருக்கு ஐந்து பிள்ளைகள் என்று கொள்வோம். ஒவ்வொருவருக்கும் நான்கு பிள்ளைகள் எனில் இருபது பேர். அடுத்த தலைமுறையில் மும்மூன்று பேர் எனில் அறுபது பேர்! அறுபது பேரையும் தேடிக் கண்டுபிடிப்பது எளிதா?

பெயர்களும் தடையாகும். முனியாண்டி என்பவர் பட்டாவில் 'ஐ' எழுத்தில் முடிவார். இறப்புப் பத்திரத்தில் 'வை' எழுத்தில் முடிவார். இருவரும் ஒருவரே என்று மெய்ப்பிக்கப் பேரப்பிள்ளைகள் அலைய வேண்டும். திருமணப் பதிவும் இத்தகையதே. 1982 மார்ச் முதல் நாளுக்கு முன்னர் நடந்த சமயச் சடங்குத் திருமணங்கள் ஏற்கப்படுகின்றன. அதன் பின்னர் கோயிலில் தாலி கட்டியதோடு நின்று, பதிவு செய்யாமல் விட்டோரின் மனைவி மக்கள் பங்கு கேட்கையில் பெரும் இடர்ப்பாட்டிற்கு ஆளாகின்றனர்.

தாமதத்தின் விலை

பதிவேடு தாமதித்தவரை என்றென்றும் காக்கும் என்று எண்ணிவிடக்கூடாது. "நான் ஒருவனே வாரிசு" என்று கூறி ஒருவர் பெயர் மாற்றிக்கொண்டு, பின்னர் நிலத்தை விற்றுவிட்டால், உண்மை அறியாமல் நல்லெண்ணத்தோடு விலை கொடுத்து வாங்கியவரை அதே சட்டத்தின் 340ஆம் பிரிவு காக்கிறது. நேற்று வரை நமக்கு அரணாக நின்ற பதிவேடு இன்று எதிரியாகிறது. நிலவரி கட்டாமல் விட்டாலோ, அறிவிப்புக் காலம் முடிந்தபின் நிலம் மாநில அரசுக்கே போய்விடக்கூடும்.

வழி இல்லாமல் இல்லை. 1955ஆம் ஆண்டுச் சிறு சொத்துப் பகிர்வுச் சட்டத்தின்படி, நீதிமன்றம் செல்லாமலேயே சொத்துப் பகிர்வு அலுவலகத்தில் விண்ணப்பிக்கலாம். வாரிசுகளை அழைத்து விசாரித்து அதிகாரி ஆணை பிறப்பிப்பார். 2009 முதல் 20 லட்சம் வெள்ளியாக இருந்த மதிப்பு வரம்பு, 2024 சூலையில் 50 லட்சம் வெள்ளியாக உயர்ந்தது. நம்மவர்களின் நிலங்களில் பெரும்பாலானவை இதற்குள் அடங்கிவிடும்.

வகுப்பில் குடும்ப மரம் வரையச் சொல்லும்போது தாத்தா பாட்டியின் பெயர்களை ஆவணங்களில் உள்ளபடியே எழுதிவரச் சொல்லுங்கள். அத்தைமார், சித்திமார் பெயர்களையும் சேர்க்கச் சொல்லுங்கள். பெற்றோர்களே, வீட்டுப் பெட்டியில் உறங்கும் பட்டாவை எடுத்து அதில் எவர் பெயர் உள்ளது என்று பாருங்கள். அவர் மறைந்தவராயின், உடன்பிறந்தோர் ஒருவரோடொருவர் பேசிக்கொண்டிருக்கும் காலத்திலேயே பெயர் மாற்றத்திற்கு விண்ணப்பியுங்கள்.