ஏமாற்றியவரும் ஏமாந்தவரும்: டி.எஸ்.பாலையா

சுண்டங்கோட்டையில் 1914-இல் பிறந்த டி.எஸ்.பாலையா, நாடக மேடையில் தேறிச் சினிமாவுக்கு வந்தவர். முதல் படம் ‘சதி லீலாவதி’ (1936). எஸ்.எஸ்.வாசனின் கதையை அமெரிக்கரான எல்லிஸ் ஆர்.டங்கன் இயக்கினார். எம்.ஜி.ஆர் அறிமுகமானதும் அதே படத்தில்தான். கதாநாயகன் எம்.கே.ராதாவைக் குடிப்பழக்கத்தில் தள்ளிக் குடும்பத்தைக் குலைக்கும் ராமநாதன் வேடம் பாலையாவுக்கு. மறு ஆண்டு ‘அம்பிகாபதி’யில் எம்.கே.தியாகராஜ பாகவதருக்கு எதிரியான ருத்ரசேனன்.

உருட்டி மிரட்டும் வில்லன் அல்ல அவர். சொல்லை இழுத்து, நடுவில் நிறுத்தி, குழைந்து பேசியே ஆளைக் கவிழ்த்துவிடுவார். அதே வாய்ச்சாமர்த்தியம் அண்ணாவின் ‘வேலைக்காரி’யில் (1949) நல்லவன் பக்கம் சாய்ந்தது. பழிவாங்கத் துடிக்கும் ஆனந்தனை அடக்கி, தந்திரத்தால் வெல்ல வழிகாட்டும் நண்பன் மணியாக வந்தார்.

ஐம்பதுகளில் படங்கள் குவிந்தன. எல்லாமே சொல்லிக்கொள்ளும்படி இல்லை. உச்சம் பிற்பாடுதான் வந்தது. ஸ்ரீதரின் ‘காதலிக்க நேரமில்லை’யில் (1964) பணக்கார அப்பா விஸ்வநாதனை ஊரே ஏமாற்றுகிறது. மகளைக் காதலிப்பவன் போலிக் கோடீஸ்வர அப்பாவைக் கொண்டுவந்து நிறுத்துகிறான். சொந்த மகன் செல்லப்பாவோ படம் எடுக்கப் பணம் கேட்டு அரிக்கிறான். செல்லப்பாவாக நாகேஷ் பேய்க்கதை சொல்லும் காட்சியில் பேச்சும் சத்தமும் நாகேஷுடையவை. பாலையாவுக்கு அநேகமாக வசனமே இல்லை. அலட்சியமாகக் கேட்கத் தொடங்கும் முகம் மெல்ல இறுகுகிறது, கண் பிதுங்குகிறது, உடம்பு நடுங்குகிறது. சிரிப்பு வெடிப்பது அந்த முகத்தைப் பார்த்துத்தான். ஆளை மயக்கத் தெரிந்த நடிகருக்கு மயங்குகிறவனின் நெளிவுசுளிவும் அத்துப்படி.

ஏ.பி.நாகராஜனின் ‘திருவிளையாடல்’ (1965) படத்தில் ஹேமநாத பாகவதர். குரல் பாலமுரளிகிருஷ்ணாவுடையது, செருக்கு முழுக்கப் பாலையாவுடையது. பாண்டியன் சபையையே அற்பமாகப் பார்த்துப் பாடியவர், விறகுவெட்டியின் பாட்டைக் கேட்டதும் ஒடுங்கிப்போகிறார். கர்வம், திகைப்பு, பயம் மூன்றும் ஒரே வேடத்தில்.

‘பாமா விஜயம்’ (1967) படத்தில் நடிகை மோகத்தால் தடுமாறும் மகன்கள், மருமகள்களுக்கு நடுவே பொறுப்பான தந்தை. ‘தில்லானா மோகனாம்பாள்’ (1968) படத்தில் சிவாஜியின் நாதஸ்வரத்துக்குத் தவில்காரர் முத்துராக்கு. 1972-இல் பாலையா காலமானார்.