பல் முளைத்தலும் மரணப் பதிவேடும்: நோய்ப் பெயரீட்டின் வரலாறு பற்றிய ஒரு நோக்கு

மரணப் பதிவேடு இறந்தோரை எண்ணும் ஏடு மாத்திரமன்று. இறப்புக்கு எதனைப் பொறுப்பாக்குவதென ஒரு சமுதாயம் தீர்மானித்தது என்பதைக் காட்டும் வரலாற்றுச் சான்றுமாகும். பல் முளைக்கும் பருவத்துக் குழந்தைகள் மருந்தினால் நஞ்சூட்டப்பட்ட வரலாறு இதற்குத் தக்க உதாரணமாகும்.

17ஆம் நூற்றாண்டின் இலண்டன் இறப்புப் பட்டியல்களில் 'பல்' ஒரு மரண காரணமாக இடம்பெற்றது. அவற்றை ஆராய்ந்து 1662இல் ஜோன் கிரான்ட் வெளியிட்ட நூலிலும் பல்லும் குடற்புழுவும் ஒரே தலைப்பில் அமைந்தன. 1837இல் இங்கிலாந்திலும் வேல்சிலும் குடிசார் பதிவு ஆரம்பமான பின்னரும் இந்நிலை மாறவில்லை. 1839இல் அங்கு 5,016 மரணங்கள் பல் முளைத்தலின் பேரிற் பதியப்பட்டன. தாய்ப்பால் மறக்கடிக்கப்பட்டு, வயிற்றோட்டமும் காய்ச்சலும் குழந்தைகளைப் பற்றும் பருவத்திலேயே பல்லும் முளைக்கின்றது. உடனிகழ்ந்தது காரணமாகக் கொள்ளப்பட்டது.

பல்லே பகையெனக் கொள்ளப்பட்டமையால் மருத்துவமும் அதன்மீதே பாய்ந்தது. முரசைக் கத்தியாற் கீறும் வழக்கம் 16ஆம் நூற்றாண்டின் பிரெஞ்சுச் சத்திரவைத்தியர் அம்புறோஸ் பாரே காலந்தொட்டு நிலவியது. கலோமெல் எனப்படும் இரசக் குளோரைட்டு கலந்த பற்தூள்கள் பின்னர் பரவின. கடைகளில் எளிதிற் கிடைத்த இத்தூளைத் தாய்மார் அன்போடும் நம்பிக்கையோடும் ஊட்டினர்.

1914இல் அவுஸ்திரேலியாவின் அடிலெயிட் நகரத்து வைத்தியர் ஹரி சுவிவ்ற் குழந்தைகளிடத்து ஒரு விசித்திர நோயை விபரித்தார். கைகால்கள் சிவந்து தோலுரிதல், ஓயா வியர்வை, ஒளிக்கூச்சம், தீராத அழுகை என்பன அதன் குறிகளாகும். சில குழந்தைகளுக்குப் பற்களும் கழன்று வீழ்ந்தன. 'இளஞ்சிவப்பு நோய்' எனப் பெயர்பெற்ற இதற்குக் கிருமித் தொற்று, போசாக்கின்மை எனப் பல காரணங்கள் கற்பிக்கப்பட்டன. தூளை உண்டோர் பலர்; நோயுற்றோரோ சிலர். ஆதலின் தூளின்மீது ஐயம் எழவில்லை. 1939 முதல் 1948 வரை இங்கிலாந்திலும் வேல்சிலும் 585 குழந்தைகள் இந்நோயால் இறந்தனர். அந்த எண்ணிக்கை நோயின் பெயரைச் சொல்லிற்று. நஞ்சின் பெயரைச் சொல்லவில்லை.

1947இல் சூரிச் நகரத்துக் குய்டோ பன்கோனி குழுவினர் கலோமெல்லின்மீது ஐயங்கொண்டு எழுதினர். 1948இல் அமெரிக்காவின் சின்சினாட்டியைச் சேர்ந்த ஜோசப் வார்க்கனியும் ஹப்பார்டும் நோயுற்ற குழந்தைகளின் சிறுநீரில் இரசம் காணப்பட்டமையை வெளியிட்டனர். 1950களின் நடுப்பகுதியளவிற் பிரித்தானியப் பற்தூள்களிலிருந்து கலோமெல் நீக்கப்பட, நோயும் மறைந்தது.

இவ்விடத்து நோய்ப் பாகுபாட்டின் வளர்ச்சி நோக்கற்பாலது. 1893இல் பேர்ட்டியோன் முன்வைத்த சர்வதேசப் பட்டியல் மரண காரணங்களுக்கானது. 1948இல் உலக சுகாதார தாபனத்தின் பொறுப்பில் வந்த ஆறாவது திருத்தமே நோய்களையும் முழுமையாக உள்ளடக்கிற்று. ஒன்பதாந் திருத்தத்தில் பல்லில் அல்லது முரசிற் பூசும் மருந்துகளாலான நஞ்சூட்டல் 976.7 என்ற எண்ணைப் பெற்றது; பத்தாந் திருத்தத்தில் அது ரி 49.7 ஆயிற்று. அதே மருந்து முறைப்படி வழங்கப்பட்டும் தீங்கு விளைத்தால், அத்தீங்குக்கு வை 56.7 என்ற வேறு குறியீடு உண்டு. தவறான மருந்தோ அளவோ ஒருபுறம், சரியாக வழங்கிய மருந்தின் தீங்கு மறுபுறம் என வகுத்தமை, பொறுப்பையே வகுத்தமையாகும். இளஞ்சிவப்பு நோயோ பத்தாந் திருத்தத்தின் அகரவரிசையில் இரசத்தின் நச்சு விளைவான ரி 56.1க்கு அனுப்பப்படுகின்றது. குழந்தையின் உடலைக் குறித்த பெயர் அகன்று, அதனைக் கெடுத்த பொருளின் பெயர் நிலைபெற்றது.

இதனால் ஆபத்து ஒழிந்ததெனல் பொருந்தாது. குருதி ஒட்சிசனைக் காவும் ஆற்றலைக் குறைக்கக்கூடிய பென்சோகெயின் கலந்த முரசுக் களிம்புகளை இரண்டு வயதுக்குட்பட்டோருக்குப் பயன்படுத்தலாகாதென அமெரிக்க மருந்துக் கட்டுப்பாட்டு அதிகாரிகள் 2018இல் எச்சரித்தனர். தூள் போய்க் களிம்பு வந்தது. ஆயினும் இம்முறை குற்றம் பல்லின்மீது சுமத்தப்படவில்லை.

பதிவேட்டின் ஒரு வரியில் எழுதப்படும் பெயர் சிறிதாகத் தோன்றலாம். எனினும் 'பல்' என எழுதிய எழுதுகோல் மருந்தை மறைத்தது. 'இரசம்' என எழுதிய எழுதுகோல் குழந்தைகளைக் காத்தது. பெயரிடுதல் அறிவின் முடிவன்று, அதன் தொடக்கமே என்பது இவ்வரலாற்றாற் புலனாகின்றது.