சசி, கே. பி. (1958–2022)

கேலிச்சித்திரக்காரர், ஆவணப்பட இயக்குநர். கேரளப் பொதுவுடைமை இயக்க முன்னோடிகளுள் ஒருவரான கே. தாமோதரனின் மகன். டெல்லி ஜவகர்லால் நேரு பல்கலைக்கழகத்தில் படித்த காலத்தில் கேலிச்சித்திரம் வரையத் தொடங்கி, 1980களில் படம் எடுக்க வந்தார். கேமரா பிடித்த பிறகும் தூரிகையை அவர் கீழே வைக்கவில்லை.

தொடக்கப் படங்களுள் ஒன்றான ‘லிவிங் இன் ஃபியர்’, ஆலுவாவுக்கு அருகே இந்திய அருமணல் ஆலையின் கதிர்வீச்சுக்கு இடையே வாழ்ந்தவர்களைப் பற்றியது. இதைக் கேரளக் கதை என்று ஒதுக்க முடியாது. குமரி மாவட்டம் மணவாளக்குறிச்சியில் எடுத்த கதிரியக்க மணலான மோனசைட்டும் அந்த ஆலைக்குத்தான் போனது. பல்லாண்டுக்குப் பின் ஆவணப்பட இயக்குநர் அமுதன் ஆர். பி. தமது கதிர்வீச்சுப் படவரிசையை மணவாளக்குறிச்சியிலேயே தொடங்கினார். சசியின் ‘எ வேலி ரெஃப்யூசஸ் டு டை’ (1988), நர்மதை அணைகளுக்கு எதிராக எழுந்த குரலைத் தொடக்கத்திலேயே பதிவு செய்தது. கதைப்படங்களும் உண்டு: மலையாளத்தில் ‘இலையும் முள்ளும்’, இந்தியில் எச்.ஐ.வி. தொற்றாளர் வாழ்வைச் சொன்ன ‘ஏக் அலக் மௌசம்’ (2003).

காவிரிப் படுகைக் கரையோரத்தார்க்கு நெருக்கமானது ‘ரெசிஸ்டிங் கோஸ்டல் இன்வேஷன்’ (2007). 1991இன் கடலோர ஒழுங்குமுறை அறிவிக்கை, உயர் அலைக் கோட்டிலிருந்து 500 மீட்டர் வரை கட்டுமானங்களைக் கட்டுப்படுத்தியது. ஓட்டைகள் பல இருந்தாலும் மீனவர்க்கு அது ஒரு பிடிமானம். 2005இல் எம். எஸ். சுவாமிநாதன் குழு ‘கடலோர மேலாண்மை மண்டலம்’ என்ற மாற்று ஏற்பாட்டைப் பரிந்துரைத்தபோது, துறைமுகத்துக்கும் சொகுசு விடுதிக்கும் கடற்கரை கைமாறிவிடும் என்று மீனவர் அமைப்புகள் அஞ்சின. அந்த அச்சத்தையும் எதிர்ப்பையும் படம் பேசுகிறது. 2008இல் வந்த வரைவு அறிவிக்கை மறு ஆண்டே கைவிடப்பட்டது.

காரைக்காலில் இருந்து பார்ப்பவருக்கு இது கோப்புச் சண்டை அல்ல. பட்டினச்சேரியிலோ கிளிஞ்சல்மேட்டிலோ படகு ஏற்றவும் வலை உலர்த்தவும் கருவாடு காயப்போடவும் மணல் வேண்டும். அதற்குத் தனிப்பட்டா காட்டச் சொன்னால் யார் காட்டுவார்? 2004 ஆழிப்பேரலை இந்தக் குப்பங்களைச் சிதைத்தது. ஐந்தாம் ஆண்டில் காரைக்காலின் வாஞ்சூரில் தனியார் துறைமுகம் இயங்கத் தொடங்கியது. அங்கு இறக்கிய நிலக்கரியின் தூசி வீடுகளில் படிவதாகப் பக்கத்து நாகூர் மக்கள் புகார் சொன்னார்கள். படம் வெளிவந்து அப்போது இரண்டே ஆண்டுகள்.

சசியின் படைப்புகளில் அதிகம் பரவியது ஒரு பாட்டுதான். ஒடிசாவின் காசிப்பூரில் பாக்சைட் சுரங்கத்தை எதிர்த்த பழங்குடித் தலைவர் பகவான் மாஜியின் பாடலைத் தழுவி உருவான ‘காவ்ன் சோடப் நஹி’யை (2009) அவர் படமாக்கினார், பாடியவர் ஜார்க்கண்டின் மதுமன்சூரி ஹஸ்முக். நீண்ட விளக்கவுரை செய்யாததைச் சில நிமிடப் பாட்டு செய்தது. நான்கு கோட்டில் சொல்லி முடிக்கும் கேலிச்சித்திரக்காரரின் கை அதில் தெரிகிறது.

பிற்காலத்தில் அவர் கவனம் சிறையிலும் கலவர நிலத்திலும் குவிந்தது. கோவைக் குண்டுவெடிப்பு வழக்கில் ஒன்பது ஆண்டுகளுக்கு மேல் சிறையிலிருந்து 2007இல் விடுதலையான கேரள அரசியல் தலைவர் அப்துல் நாசர் மதானி, பின்னர் பெங்களூர் குண்டுவெடிப்பு வழக்கில் மீண்டும் கைதானதை ‘ஃபேப்ரிகேட்டட்’ ஆராய்ந்தது. மற்றொரு படம் ஒடிசாவின் 2008 கந்தமால் வன்முறையில் பாதிக்கப்பட்ட கிறித்தவர்களைப் பற்றியது. இவற்றில் நடுநிலை தேட வேண்டாம். பாதிக்கப்பட்டவர் பக்கம் நின்றே எடுத்தார், அதை மறைக்கவும் இல்லை.

திருச்சூரின் விப்ஜியார் திரைப்பட விழாவைத் தொடங்கியவர்களுள் ஒருவர். 2022 டிசம்பர் 25 அன்று அந்நகரிலேயே காலமானார்.