நிலையாமையும் வினையும்: காஞ்சி மரபின் வரலாறு

தோற்றுவாய்

வாழ்நாள் சிறிது; செய்யத்தக்கன பல. இவ்வுணர்வு தலைப்படாத இலக்கியம் உலகில் அரிது. உரோம நாட்டு அறிஞர் செனெக்கா வாழ்நாளின் குறுமை பற்றி இலத்தீன மொழியில் தனியொரு நூலே இயற்றினார். தமிழிலோ இப்பொருள் ஒரு நூலின் அளவில் நில்லாது, இலக்கணத்தில் ஒரு திணையாகவே வகுக்கப்பெற்றது. காஞ்சி என்பது அதன் பெயர்.

இத்திணையின் வரலாற்றை ஆராய்தற்கு ஒரு காரணம் உண்டு. செருமானிய அறிஞர் ஆல்பர்ட் சுவைட்சர், இந்தியச் சிந்தனை பற்றி 1935-ஆம் ஆண்டில் வெளியிட்ட நூலில், உலகையும் வாழ்வையும் மறுக்கும் போக்கே இந்நாட்டுச் சிந்தனையில் மேலோங்கியது எனக் கருதினார். ஆயினும் திருக்குறளில் வாழ்வை உடன்படும் நெறியைக் கண்டு வியந்து பாராட்டினார். இப்பாராட்டு நமக்கு மகிழ்ச்சி தருவதே. எனினும், குறள் தன்னந்தனியாய் நிற்கும் புறனடையா, அன்றி அதற்கு முன்னரே தமிழில் வேரூன்றிய மரபொன்றன் விளைவா என்னும் வினா எஞ்சி நிற்கின்றது. நிலையாமை கூறும் தமிழ் நூல்கள் யாவும் துறவையே வற்புறுத்துவன என்னும் எண்ணம் நம்மவரிடையேயும் உண்டாதலின், இவ்வினாவிற்கு விடை காண்டல் இன்றியமையாதது.

தொல்காப்பியக் காஞ்சி

தொல்காப்பியனார் புறத்திணையியலில் காஞ்சியைப் பெருந்திணைக்குப் புறனாக வைத்து, நிலைபேறில்லாத உலகைப் பொருந்திய நெறியுடையது என அதற்கு இலக்கணம் கூறினார். அதன் துறைகளுள் முதற்கண் நிற்பது, எவராலும் மாற்றுதற்கரிய கூற்றத்தின் ஆற்றலை எடுத்துரைப்பது. அதனையடுத்து நிற்பது, முன்னே வாழ்ந்து முதிர்ந்தோர் பின்னுள்ளோர்க்குக் காட்டும் அறிவுரை. இவ்வடைவு கருதத்தக்கது. சாவு உண்டு என்னும் செய்தியும், ஆகலின் வாழுமாறு இது என்னும் அறிவுரையும் ஒன்றையொன்று தொடர்ந்து நிற்கின்றன. துறைகளுள் மறவனின் வீரமும், கணவனை இழந்தாளின் துயரும், சுடுகாட்டு வாழ்த்தும் ஒருங்கே இடம்பெற்றன. ஆகவே, நிலையாமை என்பது துறவோர்க்கே உரிய தனிப்பொருளாகத் தொல்காப்பியத்தில் அமையவில்லை என்பது புலனாம்.

பிற்காலத்தே எழுந்த புறப்பொருள் வெண்பாமாலை, காஞ்சி என்பதனை மாற்றார் படையெடுப்பை எதிர்நின்று காத்தலாகக் கொண்டது. முதுமொழிக்காஞ்சி, பெருங்காஞ்சி, பொருண்மொழிக்காஞ்சி முதலியன பொதுவியற் படலத்திற்குப் பெயர்ந்தன. புறநானூற்றுப் பாடல்கள் பலவற்றின் கீழ் இத்துறைப் பெயர்களோடு ‘பொதுவியல்’ எனத் திணை குறிக்கப்பெற்றிருத்தலைக் காண்கின்றோம். திணை மாறினும், முதியோர் வாய்மொழியும் நிலையாமையும் ஒரே பெயரால் பிணைந்திருக்கும் நிலை மாறிற்றில்லை.

சங்கச் சான்றுகள்

பாண்டியன் நெடுஞ்செழியனைக் குடபுலவியனார் பாடிய பாட்டு (புறம். 18) முதுமொழிக்காஞ்சித் துறைக்கு எடுத்துக்காட்டாக நிற்பது. மறுமைச் செல்வமும் வெற்றியும் புகழும் வேண்டுவையாயின் செய்யத்தக்கது இது எனக் கூறத் தொடங்கும் புலவர், அரசனைத் தவத்திற்கு அழைத்தாரல்லர். உணவளித்தோரே உயிரளித்தோர் என்றும், உணவென்பது நிலமும் நீரும் கூடியது என்றும் காட்டி, நிலம் பள்ளமாய் அமைந்த இடங்களில் நீர்நிலை பெருகக் கட்டுக என அறிவுறுத்துகின்றார். அங்ஙனம் நீரைத் தளைத்தோரே இவ்வுலகில் தம் பெயரைத் தளைத்தோர் என்பது அவர் கருத்து. காஞ்சித் துறையில் அமைந்த செய்யுள் ஒன்று ஏரி வெட்டுதலில் முடிவது கருதற்பாலது.

பக்குடுக்கை நன்கணியார் பாடிய பெருங்காஞ்சி (புறம். 194), ஒரு மனையில் சாப்பறையும் மற்றொரு மனையில் மணமுழவும் ஒருங்கே ஒலித்தலைக் காட்டுகின்றது. உலகம் இன்னாதது என்று ஒப்புக்கொண்ட புலவர், அதன் இயல்பு அறிந்தோர் அதனுள் இனியவற்றைக் கண்டுகொள்வாராக எனக் கூறி முடிக்கின்றார். நரிவெரூஉத்தலையார் முதியோரை நோக்கி, நல்லது செய்ய இயலாதாயினும் அல்லது செய்தலையேனும் ஒழிமின் என்கின்றார் (புறம். 195). மூப்படைந்தோர்க்கும் எஞ்சிய நாளில் செய்தற்கு ஒன்று உண்டு என்பது இதன் கருத்து.

பத்துப்பாட்டுள் மிகப் பெரியதாய் 782 அடிகளைக் கொண்ட மதுரைக்காஞ்சியும் இங்கே நோக்கத்தக்கது. தலையாலங்கானத்துச் செருவென்ற நெடுஞ்செழியனுக்கு நிலையாமையைச் செவியறிவுறுத்தற்கு மாங்குடி மருதனார் பாடியது இது என நச்சினார்க்கினியர் கொள்வர். உலகாண்டு மாய்ந்த மன்னர் கடற்கரை மணலினும் பலர் என்னும் செய்தி பாட்டின் இடையே ஓரிரண்டு அடிகளில் வருகின்றது. அதன்பின் விரிவது மதுரை மாநகரின் அங்காடியும் விழாவும் நள்ளிரவும் வைகறையுமே. இறுதியில் புலவர், முன்னோர் வழியில் வேள்வியாற்றுமாறும், தனக்கென வரையறுக்கப்பெற்ற நல்வாழ்நாளை மகிழ்ந்து இனிது வாழுமாறும் அரசனை வேண்டுகின்றார். வாழ்நாள் வரையறையுடையது என்னும் கருத்தே ஈண்டு மகிழ்ந்து வாழ்தற்குக் காரணமாகின்றது.

இவ்வளவில் நின்று, சங்கத்தார் துறவை வற்புறுத்தினாரல்லர் என முடிவு கட்டுதல் நடுவுநிலை ஆகாது. ஐயாதிச் சிறுவெண்டேரையார் (புறம். 363), உலகாண்ட வேந்தர் பலரும் சுடுகாடு அடைந்தமை கூறி, அவ்வின்னாத நாள் வருமுன் நிலவுலகம் முழுவதையும் துறந்து கருதிய வினையைச் செய்க என்கின்றார். வான்மீகியார் (புறம். 358) இல்லறத்தினும் தவத்தை உயர்த்தினார். ஆகவே, சங்கத் தொகையுள்ளேயே இருநெறியும் உள்ளன. நீர்நிலை கட்டுக என்பாரையும் துறந்து செல்க என்பாரையும் ஒன்றுபடுத்துவது, கூற்றம் ‘வருமுன்’ செய்தல் என்னும் விரைவே. செய்யப்படும் வினை இன்னது என்பதிலேயே அவர்தம்முள் வேறுபாடு.

குறளும் சிலம்பும்

திருக்குறளில் நிலையாமை துறவறவியலின்கண் வைக்கப்பெற்றது. பரிமேலழகர் அவ்வியலை விரதம், ஞானம் என இருகூறாக்கி, நிலையாமையை ஞானத்தின் முதற்கண் வைத்தார். நாத் தளர்ந்து விக்குள் எழுமுன் நல்வினை செய்க என்னும் குறளுக்கு (335) வீட்டிற்கு ஏதுவான அறம் என்றே அவர் பொருள் கண்டார். அதிகார வைப்பு நோக்கின் இவ்வுரை பொருந்துவதே. எனினும், நிலையாத செல்வத்தைப் பெற்றால் நிலைத்தனவற்றை அப்பொழுதே செய்க என்னும் குறளும் (333) அவ்வதிகாரத்திலேயே உள்ளது. செல்வம் கையில் உள்ளானை நோக்கியே அது பேசுகின்றது. பின்னர்ச் செய்வோம் எனத் தள்ளாது அறம் செய்க என்னும் குறள் (36) நூலின் தொடக்கத்தில் பாயிரப் பகுதியிலேயே அமைந்து, இல்லறத்தார்க்கும் துறவறத்தார்க்கும் பொதுவாகின்றது. காஞ்சி மரபின் இருநெறியையும் வள்ளுவர் அறிந்து, இரண்டிற்கும் இடம் வகுத்தார் எனல் சாலும்.

இம்மரபு ஓர் அரசனின் செயலையே மாற்றிய காட்சி சிலப்பதிகார நடுகற் காதையில் உள்ளது. சோழ பாண்டியர் தன் வெற்றியை இகழ்ந்தனர் எனக் கேட்டுச் சினந்த செங்குட்டுவனுக்கு மாடல மறையோன் அறிவுரை கூறுகின்றான். முன்னைச் சேரர் பலரும் மறைந்தமை, ஐம்பது ஆண்டு கழிந்தும் அரசன் போர்க்களத்தையே வேள்விக்களமாகக் கொண்டிருத்தல், நாளை செய்வோம் என எண்ணும் அறத்திற்கு முன் இன்றே உயிர் நீங்குதல் கூடும் என்பது ஆகியன அவன் உரையின் கூறுகள். கேட்ட அரசன் சிறைப்பட்ட ஆரிய மன்னரை விடுவித்தான். நாட்டின் சிறைகளைத் திறக்கவும் இறைப்பொருளை நீக்கவும் ஆணையிட்டான். நிலையாமை உணர்ச்சியின் பயன் ஈண்டுக் குடிகளுக்கு வரி நீக்கமாக வந்தெய்துகின்றது.

பிற்கால நிலை

நாலடியாரின் நானூறு வெண்பாக்களை நாற்பது அதிகாரமாகப் பகுத்தவர் பதுமனார் என்பர். அதன் முதல் மூன்று அதிகாரங்கள் செல்வம் நிலையாமை, இளமை நிலையாமை, யாக்கை நிலையாமை என்பன. நான்காவது அறன் வலியுறுத்தல். குறளில் நான்காம் அதிகாரமாகிய அறன்வலியுறுத்தலுக்கும் முப்பத்துநான்காம் அதிகாரமாகிய நிலையாமைக்கும் இடையே இல்லறவியல் முழுதும் கிடக்க, நாலடியாரில் நிலையாமையே அறத்தின் வாயிலாயிற்று. செல்வம் வண்டிச் சக்கரம்போல் சுழல்வதாதலின் பலரோடும் பகிர்ந்து உண்க என்பது செல்வ நிலையாமையின் முடிபு. இளமை நிலையாமையிலோ, நல்லறிவாளர் இளமையிலேயே துறந்தனர் என்னும் கருத்து முன்வருகின்றது. பழைய இருநெறியும் சமண முனிவர் நூலிலும் தொடர்ந்தமை இதனால் தெளியப்படும்.

திருமூலர் முதல் தந்திரத்தில் யாக்கையை முன்வைத்து, செல்வம், இளமை, உயிர் என்னும் முறையில் நிலையாமை கூறினார். ஆயினும், மூன்றாம் தந்திரத்தில் உடம்பை இறைவன் உறையும் இடமாகக் கண்டு பேணி வளர்த்தமை கூறுகின்றார். பதினேழாம் நூற்றாண்டில் குமரகுருபரர் நீதிநெறி விளக்கத்தின் கடவுள் வாழ்த்தில் இளமை, செல்வம், யாக்கை மூன்றன் நிலையாமையையும் ஒரு வெண்பாவில் அடக்கி, ஆகலின் இறைவன் மன்றினை வாழ்த்தாதிருப்பது என்னை என வினவினார். நீர்நிலை கட்டுதலாக ஒருகால் இருந்த வினை, யோகமாகவும் வழிபாடாகவும் வடிவு மாறிற்று, விரைவு மாறவில்லை.

முடிபு

நிலையாமை என்றவுடன் துறவையே நினைக்கும் பழக்கம் நமக்கு வந்ததற்கு அச்சு வரலாறும் ஒரு காரணமாகலாம். திருக்குறளும் நாலடியாரும் 1812-ஆம் ஆண்டிலேயே அச்சேறின. பத்துப்பாட்டு 1889-ஆம் ஆண்டிலும், புறநானூறு 1894-ஆம் ஆண்டிலுமே உ. வே. சாமிநாதையரால் வெளிவந்தன. இடைப்பட்ட காலத்துப் பெரும்பாலார் நிலையாமையை அறநூல்கள் வாயிலாகவும் சமயநூல்கள் வாயிலாகவுமே கற்றனர். ஏரி வெட்டுக என்ற காஞ்சியை அவர் கண்டிலர்.

சுவைட்சர் குறளிற் கண்ட வாழ்வுடன்பாடு ஒரு தனிநூலின் புதுமை அன்று என்பது மேற்காட்டிய சான்றுகளாற் பெறப்படும். கூற்றம் வருமுன் செய்க என்பது காஞ்சி மரபின் நிலைத்த கூறு. எதனைச் செய்க என்பது காலந்தோறும் சமயந்தோறும் மாறிய கூறு. நிலையாமை நூல்களைக் கற்போர், ஒவ்வொரு நூலும் வாழ்வு நிலையாது என்று கூறுவதோடு நின்றுவிடாது, எஞ்சிய நாளில் எவ்வினையைச் செய்யச் சொல்கின்றது என்பதனை வினவிக் கற்றல் வேண்டும். அவ்வாறு கற்பின், இம்மரபின் உண்மை வரலாறு மேலும் விளக்கமுறும் என்பது ஒருதலை.