அணைக்கு முந்திக்கொண்ட தானப் பத்திரம்

நியூயார்க் மாநிலத்தின் மேற்கில் ஜெனசீ ஆறு அடுத்தடுத்து மூன்று அருவிகளாக விழுந்து, ஆழமான பள்ளத்தாக்குக்குள் இறங்குகிறது. நடு அருவியின் உயரம் மட்டும் 107 அடி. விளிம்போரப் பாதையில் நடப்பவர்களும் கூடாரமடித்துத் தங்குபவர்களும் இங்குள்ள லெட்ச்வொர்த் மாநிலப் பூங்காவை ஆதிகாலக் காடு என்றே நம்பிவிடுவார்கள். பல மரங்கள் ஆள் வைத்து நட்டவை என்று சொன்னால் ஆச்சரியப்படுவார்கள்.

19ஆம் நூற்றாண்டின் நடுவில் இங்கே கேட்டது மரம் அறுக்கும் ஆலைகளின் சத்தம். 1852இல் மேல் அருவிக்கு மேலே ரயிலுக்காக ஒரு பாலம் எழுந்தது. சுமார் 230 அடி உயரம், 800 அடி நீளம், மரக் கட்டுமானம். எந்தக் கட்டை உளுத்துப்போனாலும், பாலத்தைப் பிரிக்காமல் அதை மட்டும் உருவி மாற்றலாம் என்பது அதன் பெருமை. 1875 மே 6 விடியற்காலை தீப்பிடித்தபோது அந்தச் சாமர்த்தியம் எதற்கும் உதவவில்லை. ரயில் கம்பெனிக்கோ நிற்க நேரமில்லை. ஜூலை முடிவதற்குள் இரும்புப் பாலம் தயாராகிவிட்டது.

அதற்கும் முன்பே, 1859இல், வில்லியம் பிரையர் லெட்ச்வொர்த் இங்கே நிலம் வாங்கியிருந்தார். பஃபலோ நகரத்தில் குதிரைச் சேணத்துக்கான இரும்புச் சாமான்கள் செய்து பணம் சேர்த்தவர். மொட்டையான சரிவுகளில் மரம் நட்டார், பாதை போட்டார், நடு அருவியைப் பார்த்தபடி வீடு வைத்துக்கொண்டார்.

செனிகா பூர்வகுடி மக்களின் பழைய ஆலோசனை மண்டபம் பாழடைந்து கிடந்ததையும் பெயர்த்தெடுத்து வந்து நிறுத்தினார். 1872 அக்டோபர் 1ஆம் தேதி அவர்களின் வழித்தோன்றல்கள் அதில் கூடிக் கடைசி ஆலோசனை நெருப்பை மூட்டினார்கள். இரண்டாண்டுகளில் மேரி ஜெமிசனின் எலும்புகளும் அங்கே வந்தன. சிறுமியாகச் சிறைபிடிக்கப்பட்டு, செனிகா குடும்பத்தில் தத்துப்போய், திரும்பிப் போக வாய்ப்புக் கிடைத்தும் போகாத வெள்ளைக்காரப் பெண் அவர். நல்ல காரியம்தான், ஆனால் மண்டபம் காப்பாற்றப்பட்டபோது அதைச் சுற்றியிருந்த செனிகா நிலம் எப்போதோ கைமாறிப் போயிருந்தது.

நூற்றாண்டு முடியும் தறுவாயில் புதுத் தொல்லை வந்தது. ஆற்றில் அணை கட்டி மின்சாரம் எடுக்க ஒரு கம்பெனி அனுமதி வாங்கியது. லெட்ச்வொர்த்துக்கு வயது எண்பதை நெருங்கிக்கொண்டிருந்தது, மணமாகாதவர், வாரிசும் கிடையாது. 1906இல் தன் 1,000 ஏக்கரையும் மாநிலத்துக்கே எழுதிக் கொடுத்தார். உயிரோடிருக்கும்வரை அங்கேயே வாழும் உரிமையை மட்டும் வைத்துக்கொண்டார். மறு ஆண்டு மாநிலம் ஏற்றுக்கொண்டது. பள்ளத்தாக்கைக் காக்க இதைவிடக் கெட்டிக்காரத்தனமான வழி இருந்திருக்காது. 1910 டிசம்பரில் அவர் காலமானார்.

பெருமந்தக் காலத்தில் ரூஸ்வெல்ட் அரசு, வேலையில்லா இளைஞர்களை இங்கே முகாம் போட்டுத் தங்கவைத்து வேலை கொடுத்தது. இன்று குடும்பங்கள் வாடகைக்கு எடுக்கும் மரக் குடில்களில் பலவும், விளிம்போரக் கல் சுவர்களும் அவர்கள் கைவேலை. பூங்காவும் 14,000 ஏக்கரைத் தாண்டி வளர்ந்தது.

அணையும் வராமல் போகவில்லை. 1952இல் பள்ளத்தாக்கின் வடகோடியில் மவுண்ட் மாரிஸ் அணை கட்டி முடிந்தது, மின்சாரத்துக்காக அல்ல, வெள்ளத்தைத் தடுக்க. மற்ற நாட்களில் ஆற்றை அதன் போக்கில் விட்டுவிடும். 1972 ஜூனில் ஆக்னஸ் புயல் கொட்டித் தீர்த்தபோது நீர் ஏறக்குறைய அணை நிரம்பி வழியும் நிலைவரை ஏறியது.